தாளம் வேண்டும், கேள்வி வேண்டாமா?

1988இல் தூர்தர்ஷன் ஒளிபரப்பிய 'மிலே சுர் மேரா தும்ஹாரா' பாடலில் இந்தியாவின் பல மொழிகளை ஒரே மெட்டில் கோத்திருந்தார்கள். அதில் தமிழுக்காகப் பாடியவர் கர்நாடக இசைக் கலைஞர் பாலமுரளிகிருஷ்ணா. அவருடைய மேதைமையில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால், தேசத்தின் முன் தமிழை நிறுத்த வேண்டும் என்றதும் சபா மேடை மட்டுமே நினைவுக்கு வருவது ஏன்? ராயபுரத்தில் சாவு வீட்டில் விடிய விடியப் பாடுகிற கானாக்காரரின் தமிழ், தமிழில்லையா?

2018 ஜனவரி 6 அன்று கீழ்ப்பாக்கத்தில் இந்தக் கேள்வி மேடையேறியது. பா.இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் டென்மாவின் மெட்ராஸ் ரெக்கார்ட்ஸும் சேர்ந்து உருவாக்கிய 'தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' குழுவின் முதல் நிகழ்ச்சி அது. கானா, ராப், ராக், நாட்டார் இசை எல்லாம் அதில் இருந்தன. இதை 'ஃப்யூஷன்' என்று சொல்லிக் கடந்துபோவதில் எனக்கு உடன்பாடில்லை. வழக்கமான ஃப்யூஷனில் பறை இரண்டு நிமிடம் வந்து கைத்தட்டல் வாங்கிக்கொண்டு ஓரமாகப் போய்விடும். இங்கே சட்டியும் கட்டமோளமும் நடுவில் நின்றன. கிடாரும் டிரம்ஸும் அவற்றைத் தேடி வந்தன. இடஒதுக்கீட்டையும் மாட்டுக்கறியையும் பற்றி ஒளிவுமறைவில்லாமல் பாடினார்கள்.

குழுவின் பெயரே ஓர் அரசியல். 'சாதியற்ற தமிழர்' என்ற அயோத்திதாசப் பண்டிதரின் கருத்திலிருந்து அது வந்தது. பண்டிதருக்குத் தமிழர் என்பது பிறப்பால் தானாக வந்து ஒட்டிக்கொள்ளும் பெருமை அல்ல. சாதியைக் கைவிட்டால்தான் அந்தப் பெயருக்கு அர்த்தம். 'நாமெல்லாம் தமிழர், நாமெல்லாம் இந்தியர்' என்று பாடுகிறவர்கள் இந்த நிபந்தனையைத்தான் வசதியாக மறந்துவிடுகிறார்கள். இசை வகைகள் கலந்துவிட்டன. சாதி மட்டும் கலையவில்லை.

நிபந்தனையை நினைவூட்டினால் என்ன நடக்கும் என்பதற்கு இசைவாணியே சாட்சி. ராயபுரத்திலிருந்து வந்து, ஆண்களின் கோட்டையாக இருந்த கானாவில் தனக்கென ஓர் இடம் பிடித்தவர். 2020இல் பிபிசியின் நூறு பெண்கள் பட்டியலில் அவர் பெயர் வந்தபோது எல்லோரும் கொண்டாடினோம். 2024 நவம்பரில், பெண்களின் கோயில் நுழைவைக் கேட்டுப் பல ஆண்டுகளுக்கு முன் அவர் பாடிய பாடலைத் தோண்டியெடுத்து, மதத்தைச் சொல்லி ஆபாசமாக வசைபாடினார்கள், மிரட்டினார்கள். அதே பெண், அதே குரல். பட்டியலில் இருந்தபோது நாட்டுக்குப் பெருமை, கேள்வி கேட்டதும் அந்நியர்.

வடசென்னைக்கு இது புதிதல்ல. எண்ணூரிலிருந்து மின்சாரத்தை எடுத்துக்கொண்டு சாம்பலை ஆற்றிலேயே விட்டுவிட்டார்கள். துறைமுகத்தில் மூட்டை தூக்கிய உழைப்பை எடுத்துக்கொண்டு, அந்த உழைப்பாளியின் பேச்சை ரௌடி பாஷை என்று சினிமாவில் கிண்டலடித்தார்கள். இப்போது தாளத்தையும் எடுத்துக்கொள்ளத் தயார். கேள்வியைத்தான் வேண்டாம் என்கிறார்கள்.

தோழர்களே, கானாவை ரீல்ஸில் பகிர்வது எளிது. அடுத்த முறை ஒரு பாடகரைச் சூழ்ந்து வசைபாடும்போது, 'பாட்டு நல்லாத்தான் இருந்தது, இந்த வரி தேவையா?' என்று நம் நண்பர்களே கேட்பார்கள். அந்த வரி தேவை என்று அங்கேயே, அவர்கள் முகத்துக்கு நேராகச் சொல்வோம். அந்த வரியை எடுத்துவிட்டால் மிஞ்சுவது இன்னொரு தூர்தர்ஷன் பாட்டுதான்.