60 சதவீத ஊனம். 100 சதவீத நஷ்டம்!
விபத்தில் கை போனால் கோர்ட்டு எப்படிக் கணக்குப் போடுகிறது?

சாலை விபத்தில் இரண்டு பேருக்கு இடது கை போய்விடுகிறது. இருவருக்கும் 60 சதவீத ஊனம் என்று டாக்டர் சொல்கிறார்.

ஒருவர் அரசாங்க குமாஸ்தா. மற்றவர் தச்சர். இருவருக்கும் வருமான நஷ்டம் ஒன்றுதானா?

இல்லை. குமாஸ்தா தொடர்ந்து வேலை பார்க்கலாம், சம்பளம் வரும். தச்சருக்கோ பிழைப்பே போய்விட்டது. அவருக்கு ஏறக்குறைய 100 சதவீத நஷ்டம்.

இந்த உதாரணத்தைச் சொன்னது சுப்ரீம் கோர்ட்டு. 2010-ம் ஆண்டு அக்டோபர் மாதம் அளித்த தீர்ப்பில் அது இருக்கிறது.

அந்த வழக்கைத் தொடுத்தவர் பாலாடைக்கட்டி வியாபாரி. விபத்தில் கால் எலும்பு முறிந்தது. இடது காலில் 45 சதவீத ஊனம் என்று சர்டிபிகேட் கொடுத்தார். கோர்ட்டு அதை அப்படியே ஏற்கவில்லை. வருமான நஷ்டம் 20 சதவீதம் என்றே கணக்கிட்டது. காலின் ஊனம் வேறு, முழு உடம்பின் ஊனம் வேறு, சம்பாத்தியத்தின் நஷ்டம் வேறு என்று விளக்கியது.

மூன்று கேள்விகள்

கோர்ட்டு பார்ப்பது மூன்று விஷயங்களை. காயம் பட்டவரால் இனி எதைச் செய்ய முடியும், எதைச் செய்ய முடியாது? விபத்துக்கு முன் அவர் என்ன தொழில் செய்தார், வயது என்ன? பழைய தொழிலையோ வேறு தொழிலையோ செய்து பிழைக்க முடியுமா?

கொங்கு நாட்டில் விரலை நம்பிப் பிழைப்பவர்கள் ஏராளம். சோமனூரில் விசைத்தறி ஓட்டுபவர் அறுந்த இழையை விரலால்தான் முடிய வேண்டும். திருப்பூர் பனியன் கம்பெனி டெய்லருக்கும் விரல்தான் மூலதனம். விரல் மடங்காவிட்டால் சர்டிபிகேட்டில் வருவது சிறிய எண். வீட்டில் விழுவதோ பெரிய அடி.

கணக்கைப் பாருங்கள்

வயது 35, மாத வருமானம் ரூ.15 ஆயிரம் என்று வைத்துக்கொள்வோம். வருடத்துக்கு ரூ.1 லட்சத்து 80 ஆயிரம். இந்த வயதுக்கு கோர்ட்டுகள் 16-ஆல் பெருக்குகின்றன.

வருமான நஷ்டம் 20 சதவீதம் என்றால் ரூ.5 லட்சத்து 76 ஆயிரம். 60 சதவீதம் என்றால் ரூ.17 லட்சத்து 28 ஆயிரம்! வைத்தியச் செலவும் வலி, வேதனைக்கான தொகையும் தனி. காயம் ஒன்றே, தொழிலை நிரூபிப்பதில்தான் வித்தியாசம்.

எதை எடுத்து வைப்பது?

பீஸ் ரேட்டில் வேலை செய்பவருக்குச் சம்பளச் சீட்டு இருக்காது. அதற்காகக் கைவிட வேண்டாம். ஈ.எஸ்.ஐ. அட்டை, தொழிலாளர் நலவாரிய அட்டை, பாங்கி பாஸ் புத்தகம் ஆகியவை உதவும். முதலாளியும் உடன் வேலை செய்தவரும் சாட்சி சொல்லலாம்.

முதல் நாள் ஆஸ்பத்திரிச் சீட்டு, விபத்துப் பதிவேட்டு நகல், எக்ஸ்ரே, டிஸ்சார்ஜ் சீட்டு, மருந்துக் கடை ரசீது, போலீசின் முதல் தகவல் அறிக்கை: எல்லாவற்றையும் ஒரே பையில் போட்டு வையுங்கள்.

வைத்தியம் பார்த்த டாக்டரே சாட்சி சொல்வது நல்லது. கேட்டவுடன் சர்டிபிகேட் எழுதித் தரும் டாக்டர்களைப் பற்றி சுப்ரீம் கோர்ட்டு அதே தீர்ப்பில் எச்சரித்திருக்கிறது. சந்தேகம் வந்தால் கோர்ட்டு மருத்துவக் குழுவுக்கு அனுப்பலாம். ஆகவே, ‘சதவீதத்தைக் கூட்டித் தருகிறேன்’ என்று வரும் தரகரிடம் ஏமாற வேண்டாம். பொய் சர்டிபிகேட் உண்மையான காயத்தையும் சந்தேகத்துக்கு ஆளாக்கிவிடும்.

இன்னொன்று. 2022-ம் ஆண்டு ஏப்ரல் முதல் நடைமுறைக்கு வந்த சட்டத் திருத்தம், விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனுப் போட வேண்டும் என்று கெடு வைத்தது. அந்தக் கெடுவை எதிர்த்து வழக்குகளும் எழுந்தன. அவை எப்படி முடிந்தாலும் உங்களுக்குத் தாமதம் கூடாது. கட்டுப் பிரிப்பதற்கு முன்பே வக்கீலைப் பாருங்கள். வசதி இல்லாதவர்களும் தொழிலாளர்களும் கோர்ட்டு வளாகத்தில் உள்ள சட்ட உதவி மையத்தை அணுகலாம்.

வக்கீலிடம் காயத்தை மட்டும் காட்டினால் போதாது. காலையில் தறியடிக்குப் போனதிலிருந்து இரவு வீடு திரும்பும்வரை அந்தக் கை என்னென்ன வேலை செய்தது என்பதையும் விவரமாகச் சொல்லுங்கள்.