விளக்குமாறும் வாக்குரிமையும்

கலைக்கு மாளிகை வேண்டும் என்பார் உளர். மாளிகை எழுப்பியபின் கலையைத் தேடி அலைவாரும் உளர். அமெரிக்காவின் கலிபோர்ணியா மாநிலத்துப் பேர்க்கிலி நகரில், கில்மன் வீதி 924ஆம் இலக்கக் கட்டடம் மாளிகையன்று; பிரம்பு வேலைக் கடையொன்றின் அயலில் உள்ள எளிய கூடமேயாம். ‘பங்க்’ எனப்படும் முரட்டிசைக்கு 1986 டிசெம்பர் 31ஆம் நாள் அதன் கதவு திறந்தது.

அந்நாட்டில் இத்தகைய இசை பெரும்பாலும் மதுச்சாலைகளிலே நிகழ்வது. 21 வயது நிரம்பாதார் அங்கே புகுதல் அரிது. கில்மன் வீதியார் மதுவை விலக்கினர்; வயதுத்தடையும் உடன் நீங்கிற்று. இதழாசிரியர் ரிம் யோஹனன் முதலியோர் தொடக்கிய இவ்வரங்கில் சீட்டு விற்போரும் தரை கூட்டுவோரும் தொண்டர்களே. சிறு தொகை செலுத்தி உறுப்பினரான எவரும் கூட்டத்திற் பேசலாம், வாக்களிக்கலாம். நிறவெறியும் பெண்ணிழிவும் வன்முறையும் அங்கே ஆகா. 1988இல் தொடக்கியோர் கைவிட்டபோது வேறு தொண்டர்கள் அதனை ஏற்று நடத்தினர்.

பெரிய இசைத்தட்டு நிறுவனங்களோடு ஒப்பந்தஞ் செய்த குழுவினர்க்கு மேடையில்லை என்பது இன்னொரு விதியாயிருந்தது. இளமையில் அங்கே வாசித்து வளர்ந்த ‘கிரீன் டே’ குழுவினரும் அதற்கு விலக்காகவில்லை. 1994இல் வெளிவந்த ‘டூக்கி’ அவர்தம் புகழை உலகெங்கும் பரப்பிற்று. பழகிய மேடையோ அடைத்தே கிடந்தது. 2015 மே மாதத்திலேதான், தீயினால் இழப்புற்ற பதிப்பகமொன்றுக்கு நிதி திரட்டும் பொருட்டு அவர்கள் மீண்டும் அங்கே வாசித்தனர்.

பெற்ற பிள்ளையை வாயிலில் நிறுத்தியது கொடுமையன்றோ எனின், அன்று என்பதே எமது துணிபு. புகழுடையார்க்கு விதி வளையுமாயின், புகழில்லாச் சிறுவன் நிற்க மேடை எஞ்சாது.

எனினும் ஒன்று கூறாதொழியின் உண்மைக்கு இழுக்காம். 1994இல் பாடகர் ஜெலோ பியாஃப்ரா அவ்வரங்கிலேயே தாக்கப்பட்டார். கொள்கையை விற்றவர் என்பது அடித்தோர் கூறிய பழி. விதி காத்தல் வேறு, காழ்ப்பு வேறு. வன்முறை ஆகாதென்று எழுதிய சுவர் எவரையும் தானே காவாது; அதனுள் நிற்போரே காத்தல் வேண்டும்.

அவ்வரங்கின் மரபுரிமை புகழ்பெற்ற குழுக்களன்று; பதினாறு வயதினர் கையிலும் விளக்குமாற்றையும் வாக்குரிமையையும் ஒருங்கே கொடுத்த துணிவேயாம். இளையோர்க்குப் பொறுப்பில்லை எனக் குறைகூறும் நாம், பொறுப்பை அவர்களிடம் என்றேனும் ஒப்படைத்ததுண்டா?