பெஞ்சுக்கு ஒரு முகச்சவரம்

கயத்தாறு என்றதும் உங்களுக்கு ரெண்டு விஷயம் ஞாபகம் வரலாம். ஒன்று, 1799 அக்டோபர் 16-ல் கட்டபொம்மனைத் தூக்கில் போட்ட ஊர். இன்னொன்று, மதுரையிலிருந்து திருநெல்வேலி போகும்போது பஸ் ஜன்னலில் தெரிகிற காற்றாலைகள். மூன்றாவதாக ஒன்று உண்டு. அதை யாரும் சொல்வதில்லை: வேப்பமரத்தடியில் கிடக்கும் மரப் பெஞ்சு. பஞ்சாயத்து, பேப்பர் படிப்பு, மத்தியானத் தூக்கம், பெண் பார்க்க வந்த வேனின் டிரைவர்... எல்லாம் அதில்தான்.

எங்கள் வெயிலும் காற்றும் அதைச் சும்மா விடுமா? சில வருஷத்திலேயே தேக்கு, திருநீறு பூசிய சாமியாராகிவிடும். உடனே வீட்டில் கட்சி பிரியும். ‘விறகு விலைக்குத் தள்ளிட்டு நாலு பிளாஸ்டிக் சேர் வாங்கிப் போடுங்க’ என்பது ஆளுங்கட்சி. ‘எங்கப்பா உட்கார்ந்த பெஞ்சுல்ல!’ என்பது எதிர்க்கட்சி. ஆளுங்கட்சி யார் என்று கல்யாணமானவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

நான் எதிர்க்கட்சி. பாசத்தினால் மட்டுமில்லை, அந்த நரை வெறும் தோலோடு சரி.

மரத்தின் நார்களை ஒட்டவைத்திருக்கிற பசைக்கு லிக்னின் என்று பெயர். வெயிலில் உள்ள புற ஊதாக்கதிர் அதைச் சிதைக்கிறது. மழை வந்து சிதைந்ததைக் கழுவிக்கொண்டு போகிறது. மிஞ்சிய நார்தான் அந்தச் சாம்பல் நிறம். பெரும்பாலும் ஒரு மில்லிமீட்டர்கூட இருக்காது. கீழே தேக்கு அப்படியே இருக்கிறது. நம்பிக்கையில்லையா? 1817-ல் பம்பாயில் தேக்கில் கட்டிய ‘ட்ரிங்கோமாலி’ என்ற போர்க்கப்பல் (ஆமாம், நம் திருகோணமலையின் பேர்தான்) இன்றைக்கும் இங்கிலாந்தில் ஹார்ட்டில்பூலில் மிதக்கிறது. கடல் தண்ணிக்கே அசையாதது, கயத்தாறு வெயிலுக்கா?

எங்கள் தெரு ஆசாரி பேனாக்கத்தியால் பெஞ்சுக் காலைக் குத்திப் பார்த்தார். கத்தி இறங்கினால் உளுத்துப்போச்சு என்று அர்த்தம். இறங்கவில்லை. “உள்ள இரும்பால்லா இருக்கு தம்பி! இதையா வெறகுக்குப் போடுதேங்கிய?” என்றார்.

ஆக, வைத்தியம். முதலில் குளியல். சோப்புத் தண்ணீர், மெத்தென்ற பிரஷ், ரேகை ஓடும் திசையிலேயே தேய்க்க வேண்டும். கம்பி பிரஷ் வேண்டாம். பைக் வாட்டர் சர்வீஸுக்குத் தூக்கிக்கொண்டு போய் பீச்சியடிக்கவும் வேண்டாம், நார் பிய்ந்துவிடும். ஆணியைச் சுற்றிக் கறுத்திருந்தால் அது இரும்பும் மரத்தின் துவர்ப்பும் சேர்ந்து தயாரித்த மை. ஆக்ஸாலிக் ஆசிட்டை வெந்நீரில் கரைத்துத் தடவினால் போகும். விஷம், கையுறை, கண்ணாடி அவசியம், பிள்ளைகள் பக்கத்தில் கூடாது. பிறகு நன்றாகக் கழுவி, ரெண்டு நாள் நிழலில் காயவிடுங்கள்.

அடுத்தது உப்புத்தாள். 80, 120, 180 என்று வரிசையாக, மூக்கைத் துணியால் கட்டிக்கொண்டு. ஆடியில் ஆரம்பிக்காதீர்கள். செங்கோட்டைக் கணவாய் வழியாக வந்து காற்றாலையைச் சுற்றுகிற அதே காற்று, கரிசல் புழுதியைக் கொண்டுவந்து ஈர எண்ணெய் மேல் ஒட்டிவிட்டுப் போகும். தை, மாசி உத்தமம்.

எண்ணெய் என்றதும் அடுப்படிக்கு ஓடாதீர்கள். தேங்காயெண்ணெய், கடலையெண்ணெய் காயவே காயாது, பிசுபிசுக்கும். பெயின்ட் கடையில் டபுள் பாயில்டு லின்சீட் ஆயில் கேளுங்கள். ஆளிவிதை எண்ணெய்தான். கொஞ்சம் டர்பன்டைன் கலந்து, மெல்லிசாகத் தடவி, கால்மணி கழித்துத் துடைத்துவிடுங்கள். மறுநாள் இன்னொரு தடவை. வார்னிஷ் பளபளக்கும், ஆனால் நம் வெயிலில் வெடித்து, வெடிப்பு வழியாகத் தண்ணீரை உள்ளே விட்டுப் பூட்டிக்கொள்ளும்.

துடைத்த துணியைச் சுருட்டி மூலையில் போட்டால் தானாகவே தீப்பிடிக்கும். கதையில்லை, அந்த எண்ணெய் காயும்போதே சூடு உண்டாகும். தீப்பெட்டிக்குப் பேர்போன கோவில்பட்டிக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு, தீக்குச்சியே இல்லாமல் வீட்டைக் கொளுத்தினால் நன்றாகவா இருக்கும்? தண்ணீரில் முக்கி, வெட்டவெளியில் விரித்துக் காயப் போடுங்கள்.

கடைசியாக, கால். கரிசல் மண் குடித்த தண்ணியை லேசில் விடாது. பெஞ்சுக்கால் அதை உறிஞ்சும், வாசனை பிடித்துக் கரையானும் வரும். அடிப்பாகத்துக்கு எண்ணெய் தாராளமாகக் கொடுத்து, நாலு கல்லின் மேல் நிறுத்துங்கள்.

ஆறு நாள் ஆபீஸில் ஃபைல் தள்ளுகிறோம். செய்தது இதுதான் என்று தொட்டுக்காட்ட ஒன்றும் இருக்காது. இந்த வேலையில், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் கையை வைத்துப் பார்த்தாலே தெரியும்.

அப்புறம் அந்த பிளாஸ்டிக் சேர். அதையும் இதே வெயில்தான் சிதைக்கிறது. மரம் முன்கூட்டியே நரைத்துக் காட்டி எச்சரிக்கும். பிளாஸ்டிக் ஒன்றுமே சொல்லாது. சம்பந்தி உட்கார்ந்த பிறகுதான் காலை விரிக்கும்.