சர்வகலாசாலை நியமனங்களும் கோர்ட்டுகளும்

அறந்தாங்கிப் பக்கத்தில் கல்லணைக் கால்வாயின் கடைமடையில் பயிர் செய்யும் குடியானவர்களுக்கு ஒரு விஷயம் நன்றாகத் தெரியும். தலைமதகில் நடப்பது வெறும் தகராறு. கடைமடையில் அதுவே காய்ந்த பயிர். சர்வகலாசாலைகளின் தலைமைப் பதவிகளைப் பற்றிய வழக்குகளையும் நாம் அவ்வாறே கருத வேண்டும். திருச்சிராப்பள்ளி பாரதிதாசன் சர்வகலாசாலையின் பட்டத்தை நம்பி நம் ஊர்க் கல்லூரிக்கு அனுப்பப்படும் பிள்ளைகள் எவ்வழக்கிலும் கட்சிக்காரர் அல்லர். ஆயினும் தலைமைக் குழப்பத்தின் பலனை அனுபவிப்போர் அவர்களே.

பொதுப் பதவியில் இருக்கும் ஒருவருக்கு உரிய யோக்கியதை இல்லை என்று கருதும் எந்தப் பிரஜையும், அரசியல் சட்டத்தின் 226-வது ஷரத்தின்படி ஹைகோர்ட்டை அணுகி, 'இவர் எந்த அதிகாரத்தினால் இப்பதவியை வகிக்கிறார்?' என்று கேட்கலாம். 'கோ வாரண்டோ' என்று வக்கீல்கள் வழங்கும் பரிகாரம் இதுவே. மனுதாரர் அப்பதவிக்குப் போட்டியிட்டுத் தோற்றவராக இருக்க வேண்டியதில்லை. பொதுப் பதவி பொதுஜனங்களின் உடைமை என்பதே இதன் தாத்பரியம். ஆனால் சட்டம் விதித்த யோக்கியதை இருக்கிறதா என்பதை மட்டுமே கோர்ட்டு விசாரிக்கும். இருப்பவர்களில் எவர் சிறந்தவர் என்று தீர்மானிப்பது அதன் வேலையன்று.

இவ்வெல்லையை வகுத்தது மைசூர் சர்வகலாசாலை வழக்கு. ஆங்கில ரீடர் பதவிக்கு முதல் வகுப்பு அல்லது 'உயர்ந்த இரண்டாம் வகுப்பு' முதுகலைப் பட்டம், அல்லது அதற்கு ஈடான அந்நிய தேசப் பட்டம் வேண்டும் என்று விளம்பரம் கூறிற்று. எத்தனை மார்க்கு பெற்றால் 'உயர்ந்த' வகுப்பு என்பதில் தர்க்கம் எழுந்தது. நியமனத்தை ஹைகோர்ட்டு ரத்துச் செய்தது. சுப்ரீம் கோர்ட்டு 1963-ஆம் வருஷம் ஆகஸ்டு 26-ல் அதை மீண்டும் நிலைநிறுத்தி, நிபுணர்களின் அபிப்பிராயத்தில் கோர்ட்டுகள் எளிதில் தலையிடலாகாது என்றது. தீர்ப்பு நியாயமானதே. ஆனால் தெளிவற்ற ஒரு சொல் டில்லி வரை சென்றதை நாம் மறக்கலாகாது.

மதுரை காமராஜ் சர்வகலாசாலையின் அனுபவம் இதனினும் கசப்பானது. 2012 ஏப்ரலில் கல்யாணி மதிவாணன் துணைவேந்தராக நியமிக்கப்பட்டார். சர்வகலாசாலை மானியக் குழுவின் 2010-ஆம் வருஷத்து விதிகள் பேராசிரியராகப் பத்தாண்டு அனுபவம் கேட்டன. அது அவருக்கு இல்லை என்று கூறி ஹைகோர்ட்டு 2014 ஜூனில் நியமனத்தை ரத்துச் செய்தது. 2015 மார்ச்சு 11-ல் சுப்ரீம் கோர்ட்டு அத்தீர்ப்பை மாற்றியது. தமிழ்நாடு சர்க்கார் அவ்விதியைத் தழுவிக்கொள்ளவில்லை; ஆகவே அது இங்கே கட்டுப்படுத்தாது என்பது காரணம். அப்பொழுது மூன்றாண்டுப் பதவிக்காலம் முடிய ஏறக்குறைய ஒரு மாதமே பாக்கி! அந்த அம்மையாரின் திறமையைக் குறித்து நாம் ஒன்றும் சொல்ல வரவில்லை. எந்த விதி செல்லும் என்பதே பதவிக்காலத்தின் கடைசியில்தான் தெரிய வந்தது என்றால், குற்றம் விதி செய்தவர்களுடையது.

அதற்குப் பிறகேனும் தெளிவு பிறந்ததா? குஜராத்தின் சர்தார் படேல் சர்வகலாசாலை வழக்கில், 2022 மார்ச்சு 3-ல், மானியக் குழு விதிக்கு முரணான மாகாணச் சட்டம் நில்லாது என்று அதே சுப்ரீம் கோர்ட்டு கூறிற்று. கல்வி 1976-ஆம் வருஷத் திருத்தத்தினால் பொது அட்டவணைக்குச் சென்றதன் விளைவு இது. அவ்வாண்டு நவம்பரில் உத்தராகண்டின் அல்மோரா துணைவேந்தர் நியமனமும் வீழ்ந்தது. பேராசிரியராகப் பத்தாண்டு நிரம்புமுன் பப்ளிக் சர்வீஸ் கமிஷன் அங்கத்தினராகச் சென்றவர், அக்காலத்தையும் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று செய்த வாதம் ஏற்கப்படவில்லை.

இதனிடையே நம் மாகாணத்தில் வேறொரு சண்டை முற்றியது. நியமிக்கும் அதிகாரம் கவர்னருக்கா, சர்க்காருக்கா என்பது அது. அதிகாரத்தைச் சர்க்காருக்கு மாற்றும் மசோதாக்கள் அனுமதி பெற்றனவாகக் கருதப்படும் என்று 2025 ஏப்ரல் 8-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. மே 21-ல் சென்னை ஹைகோர்ட்டு அச்சட்டங்களின் நியமன ஷரத்துக்களுக்கு இடைக்காலத் தடை விதித்தது. சென்னை சர்வகலாசாலையின் துணைவேந்தர் பதவியோ 2023 ஆகஸ்டிலேயே காலியாகியிருந்தது. மாகாண உரிமை சிறிய விஷயமென்று நாம் சொல்ல மாட்டோம். ஜனங்களால் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களுக்கே அவ்வுரிமை இருத்தல் தகும். ஆனால் யார் நியமிப்பது என்ற ஆரவாரத்தில், யாரை நியமிப்பது என்ற கேள்வி அமுங்கிப் போகலாகாது.

உரிமை கேட்போர் பொறுப்பையும் ஏற்க வேண்டும். வேண்டிய யோக்கியதை இன்னதென்று சர்க்கார் தன் சட்டத்திலேயே ஐயத்திற்கிடமின்றி எழுதட்டும். தேர்வுக் குழு சிபாரிசு செய்யும் பெயர்களையும், அவர்களது பட்டம், அனுபவம் முதலியவற்றையும், தேர்ந்ததற்குக் காரணங்களையும் நியமனத்திற்கு முன்பே பிரசுரிக்கட்டும். ஆட்சேபம் உள்ளவர்கள் அப்பொழுதே சொல்லட்டும். மனு வந்தால் ஹைகோர்ட்டு மாதங்களுக்குள் முடிவு கூறட்டும். யோக்கியர் ஒருவருக்கு இப்பரிசோதனையால் நஷ்டமில்லை. அஞ்ச வேண்டியவர் யோக்கியதை இல்லாதவரே.

அரசாங்க உத்தியோகத்தில் குமாஸ்தா வேலை கேட்கும் அறந்தாங்கி இளைஞன் தன் சர்டிபிகேட்டுகள் ஒவ்வொன்றையும் சரிபார்ப்புக்குக் காட்டிய பிறகே உத்தரவு பெறுகிறான். அவனது பட்டத்திற்குப் பொறுப்பேற்கும் துணைவேந்தருக்கு மட்டும் சரிபார்ப்பு நியமனத்திற்குப் பின் கோர்ட்டில் நடப்பது எந்த நியாயம்?