முதல் பெயர் மதுரையாம்!

வரி கட்ட வந்திருக்கிறேன், என் கணக்கைப் பதிந்துகொள்ளுங்கள் என்று வாசற்படியிலே வந்து நிற்கிறான் உழைப்பாளி. "முதலில் உன் பெயரைத் திருத்திக்கொண்டு வா!" என்கிறது டில்லியின் விண்ணப்பத் தாள். வேடிக்கைக்காகச் சொல்லவில்லை, தோழர்களே! வில்லியனூரிலும் பாகூரிலும் கம்பி இழுத்து, குழாய் பதித்து, உரிமம் பெற்றுத் தொழில் நடத்துகிற நம் தோழர்கள் வரி எண்ணுக்காக அலைந்த அலைச்சலைக் கேட்டால், வரி கட்டாமல் ஓடி ஒளிகிறவன் எவ்வளவு சுகமாக இருக்கிறான் என்றுதான் தோன்றும்.

வரியே வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. விலக்குக் கேட்கவும் இல்லை. விலக்குக் கேட்டுப் பெற்றவர்கள் வேறு பேர். 1879-இல் கிடைத்த பாகூர்ச் செப்பேட்டைப் பாருங்கள். 9ஆம் நூற்றாண்டிலே, நிருபதுங்கவர்மன் காலத்திலே, பாகூர் வித்தியாஸ்தானத்துக்கு மூன்று ஊர்களை வரி நீக்கிக் கொடுத்த செய்தி அதிலே இருக்கிறது. மறை ஓதியவர்க்கு வரி இல்லை! ஏர் ஓட்டியவனுக்கு விலக்களித்த செப்பேட்டை எந்த மண்ணைத் தோண்டியும் நான் இதுவரை பார்க்கவில்லை. போகட்டும். கட்டுகிறோம் என்கிறோமே, அதற்கு வழியை ஒழுங்காக வைத்தால் போதாதா?

பான் எண் என்கிறார்களே, வருமான வரித் துறை தரும் நிரந்தரக் கணக்கு எண், அதிலே மொத்தம் 10 இடங்கள். முதலில் ஐந்து எழுத்து, அடுத்து நான்கு இலக்கம், கடைசியில் ஓர் எழுத்து. நாலாவது எழுத்தைக் கவனியுங்கள். 'பி' என்றிருந்தால் தனி ஆள். 'எஃப்' என்றிருந்தால் கூட்டு வணிகம். 'சி' என்றிருந்தால் கம்பெனி. ஆளை அடையாளம் காட்டும் எழுத்து அது.

மின் ஒப்பந்த உரிமம் பெற்ற பாகூர்த் தோழர் ஒருவர் என்று வைத்துக்கொள்வோம். சேதராப்பட்டுத் தொழிற்பேட்டையிலே ஒரு ஆலைக்குக் கம்பி போட்டுக் கொடுத்தார். பில் 1,00,000 ரூபாய். பான் எண் இருந்தால், தனி ஆளுக்கு நூற்றுக்கு ஒன்று வீதம் 1,000 ரூபாயை வரியாகப் பிடித்துக்கொண்டு மிச்சத்தைக் கொடுப்பார்கள். கம்பெனியாக இருந்தால் 2,000. எண்ணே இல்லையென்றால்? நூற்றுக்கு இருபது! 20,000 ரூபாய் பறந்துவிடும். கம்பி வாங்கிய கடன், ஆள் கூலி எல்லாம் அதற்குள்ளேதானே இருக்கிறது! பிறகு கணக்குக் காட்டித் திரும்ப வாங்கிக்கொள்ளலாமே என்பார் நாற்காலியில் உட்கார்ந்தவர். எண்ணே இல்லாதவன் எந்த ஏட்டில் கணக்குக் காட்டுவான் ஐயா?

சரி, எண் வாங்கத்தானே போகிறான், அங்கே என்ன தடை? அங்கேதான் இருக்கிறது கூத்து.

விண்ணப்பத்திலே குடும்பப் பெயர், முதல் பெயர், நடுப் பெயர் என்று மூன்று கட்டம் போட்டு வைத்தார்கள். வடக்கே ஒருவருக்குக் குடும்பப் பெயர் இருக்கும். அது பெரும்பாலும் சாதியைச் சொல்லும். நமக்கு ஏது? 1929-இல் செங்கற்பட்டிலே கூடிய முதல் சுயமரியாதை மாநாட்டிலே, சாதிப் பட்டத்தைப் பெயரிலிருந்து வெட்டி எறிவோம் என்று தீர்மானித்த இனமல்லவா நாம்! தகப்பன் பெயரின் முதலெழுத்தை முன்னால் நிறுத்தி, நம் பெயரைப் பின்னால் எழுதுகிறோம். அந்தத் தலைப்பெழுத்து, இனிஷியல் என்று ஊரார் சொல்வது, அந்தக் கட்டத்துக்குள்ளே நுழைய முடியாது. சுருக்கெழுத்து ஆகாது, விரித்து எழுது என்பது விதி.

விரித்தால் என்ன ஆகும்? விண்ணப்பத்தோடு வந்த அறிவுரைத் தாளிலே அவர்களே ஒரு எடுத்துக்காட்டு அச்சடித்துக் கொடுத்தார்கள். எம்.எஸ். கந்தசாமி என்று ஒருவர். விரித்தால் மதுரை சோமசுந்தரம் கந்தசாமி. இவர் எப்படி எழுத வேண்டுமாம்? கந்தசாமி என்பது குடும்பப் பெயராம். சோமசுந்தரம் நடுப் பெயராம். முதல் பெயர், மதுரையாம்! பெற்றெடுத்த தாய் ஆசையோடு வைத்த கந்தசாமி என்ற பெயர் குடும்பத்துக்குப் போய்விட்டது. ஊர்ப்பெயர் ஆளாகி வந்து நிற்கிறது. வைகைக் கரையிலே இருக்கிற மதுரை, வரி விண்ணப்பத்திலே கையெழுத்துப் போடுகிறது! இதை எழுதியவர் தமிழர்க்கு உதவி செய்வதாகவே நினைத்திருப்பார். அவர் மீது எனக்குக் கோபமில்லை, அந்தக் கட்டத்தின் மீதுதான் கோபம்.

சிரித்துவிட்டுப் போகிற செய்தியா இது? இல்லை. பத்துப் பதினைந்து ஆண்டுக்கு முன்னால் தரகர் ஒருவரிடம் கொடுத்து வாங்கிய அட்டையிலே பெயர் விரிந்து கிடக்கிறது. ஆதாரிலே தலைப்பெழுத்தோடு சுருங்கி நிற்கிறது. மின் உரிமத்திலே தகப்பன் பெயர் முன்னால். வங்கி ஏட்டிலே பின்னால். நான்கு தாளும் ஒரே ஆளுக்கு. நான்கிலும் நான்கு பெயர். ஆதாரோடு இணைக்கப்படாத பான் எண் 2023 ஜூலை 1 முதல் செயலற்ற எண் என்று ஆக்கினார்கள். பெயர் பொருந்தவில்லை என்றால் இணைப்பு நடக்காது. இணைப்பு இல்லையென்றால் எண்ணுக்கு உயிரில்லை. உயிரில்லாத எண்ணுக்கு, எண்ணே இல்லாதவனைப் போல நூற்றுக்கு இருபது. காலம் கடந்து இணைப்பதற்கு 1,000 ரூபாய் கட்டணம் வேறு! ஒரு தலைப்பெழுத்தின் விலை என்ன என்று இப்போது கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

பெயரைப் பிடித்துக்கொண்டு ஆட்டுவது இந்த மண்ணுக்குப் புதிதல்ல. பிரெஞ்சு ஆட்சிக் காலத்திலே, உரிமம் பெற்ற வழக்கறிஞர் பொன்னுத்தம்பிப் பிள்ளை, 1873-இல் ஐரோப்பியக் காலணி அணிந்து நீதிமன்றம் வந்தார். இந்தியன் செருப்போடு வரலாம், ஐரோப்பியனுடைய பூட்ஸோடு வரலாகாது என்று தடுத்தார்கள். அவர் விடவில்லை, பாரிசு வரை வழக்கைக் கொண்டுபோய் வென்றார். பிறகு 1881 செப்டம்பர் 21-இல் ஒரு ஆணை வந்தது. சொந்தச் சமூகச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்கிறவர்கள் குடும்பப் பெயர் ஒன்றைச் சூட்டிக்கொள்ளலாம் என்றது. பொன்னுத்தம்பி 'லபோர்த்' ஆனார். கதவு என்று பொருளாம். அந்த ஏற்பாட்டை நான் புகழ வரவில்லை. ஆனால் ஒன்று: அன்னியன்கூட, விருப்பமா என்று கேட்டு, கையெழுத்து வாங்கிக்கொண்டு பெயரை மாற்றினான். இன்று ஒரு கட்டம் கேட்காமலேயே மாற்றுகிறதே!

பிரெஞ்சுக்காரன் வைத்துவிட்டுப் போன எழுத்துத் தொல்லையும் நமக்கு உண்டு. 'ஊ' என்ற ஓசைக்கு அவன் ஓ, யு என்று இரண்டு எழுத்தைப் போடுவான். பாகூர் என்பதை ஆங்கிலத்தில் எழுதும்போது இன்றும் அந்த இரண்டெழுத்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. பாட்டன் காலத்துப் பத்திரத்திலே பெயர் அப்படி. பேரனின் ஆதாரிலே இப்படி. கடலூர்க்காரனுக்கு இல்லாத சிக்கல் இது.

"இதெல்லாம் அகில இந்திய விதி, உங்கள் ஊருக்காக மாற்ற முடியுமா?" என்பார்கள். நான் திருப்பிக் கேட்கிறேன்: ஆதார் அகில இந்திய அட்டை இல்லையா? அதிலே பெயருக்கு ஒரே கட்டம்தானே! குடும்பப் பெயர் எங்கே என்று ஆதார் கேட்கிறதா? அந்த அட்டையிலே தமிழும் அச்சாகிறதே! பான் அட்டையை எடுத்துப் பாருங்கள்: இந்தி இருக்கிறது, ஆங்கிலம் இருக்கிறது, தமிழ் இல்லை. ஒரே டில்லி, ஒரு கையால் முடிந்தது மறு கையால் முடியாதா? 1954 அக்டோபர் 18-இல் வில்லியனூரை அடுத்த கீழூரிலே கூடி, 178 பேரில் 170 பேர் இந்தியாவோடு இணைவோம் என்று வாக்களித்தார்களே, அவர்கள் தமிழைக் கரையிலே விட்டுவிட்டா ஓடம் ஏறினார்கள்? 1965-இல் புதுவை தன் ஆட்சிமொழிச் சட்டத்திலே தமிழை அமர்த்தியது. மத்திய வரித் துறையை அந்தச் சட்டம் கட்டுப்படுத்தாது என்பது எனக்கும் தெரியும். சட்டம் கட்டுப்படுத்தாத இடத்திலே மரியாதை கட்டுப்படுத்தாதா?

இனி, கம்பெனி என்ற சொல்லுக்கு வருவோம். "எண் சிக்கலா? ஒரு கம்பெனி ஆரம்பித்துவிடு, எல்லாம் சரியாகிவிடும்" என்று ஆசை காட்டுகிறவர்கள் நம் கொம்யூன்களிலே பெருகிவிட்டார்கள். எண்ணைப் பொறுத்தவரை ஓர் உண்மை உண்டு. 2020 பிப்ரவரியிலிருந்து, கம்பெனியைப் பதியும் விண்ணப்பத்திலேயே பான் எண்ணும் டான் எண்ணும் சேர்ந்து வந்துவிடுகின்றன. (டான் என்பது, பிறருக்குப் பணம் கொடுக்கும்போது வரியைப் பிடித்துக் கட்டுகிறவர்க்கான எண்.) ஆகவே "பானுக்குத் தனி, டானுக்குத் தனி" என்று எவனாவது கை நீட்டினால், எதற்கு என்று கேளுங்கள். பாகூர்க் கம்பெனிக்குப் பெயர் சூட்டும் தொட்டில் அரியானாவின் மானேசரிலே ஆடுகிறது என்பது இன்னொரு வேடிக்கை. அதை இன்னொரு நாள் பேசலாம்.

ஆனால் கம்பெனி என்பது வேறு ஆள், தோழர்களே! உங்கள் மின் உரிமம் உங்கள் பெயரில் இருப்பதால் அது கம்பெனியின் உரிமம் ஆகிவிடாது. தனி ஆளுக்கும் கூட்டு வணிகத்துக்கும், விற்றுமுதல் 2 கோடி வரை, கணக்கேடு சுமக்காமல் நூற்றுக்கு எட்டு, வங்கி வழியே வந்த பணத்துக்கு நூற்றுக்கு ஆறு என்று ஆதாயத்தை மதிப்பிட்டு வரி கட்டும் வழியொன்றை வருமான வரிச் சட்டம் வைத்திருக்கிறது. கம்பெனிக்கு அந்த வழி அடைப்பு. ஒரு ரூபாய் வியாபாரம் நடக்காத ஆண்டிலும் தணிக்கை உண்டு. ஆண்டறிக்கை தவறினால், படிவம் ஒன்றுக்கு நாளொன்றுக்கு 100 ரூபாய் ஏறிக்கொண்டே போகும். இதையெல்லாம் சொல்ல வேண்டிய தணிக்கையாளரின் நிலை என்ன தெரியுமா? கம்பெனி வைத்துத் தணிக்கைத் தொழில் நடத்த அவருக்கே 1949-ஆம் ஆண்டுச் சட்டம் இடம் தரவில்லை! 'சி' என்ற எழுத்து அழகாகத்தான் இருக்கும். பெரிய ஆலைகள் கம்பெனிக்குத்தான் வேலை தருவோம் என்கிற நாள் வரும்போது அதை வாங்கலாம். பலகையில் எழுதிப் பார்க்கும் ஆசைக்காக வேண்டாம்.

அடுத்தது ஜி.எஸ்.டி. எண். 15 இடம். முதல் இரண்டு இலக்கம் மாநிலத்தின் குறி; தமிழ்நாட்டுக்கு 33, நமக்கு 34. அதற்கடுத்த பத்தும் உங்கள் பான் எண்ணேதான். பானிலே பெயர் கோணல் என்றால் இங்கேயும் கோணல்!

குருவிநத்தத்திலும் சோரியாங்குப்பத்திலும் இருக்கிறவர்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஆற்றுக்கு இந்தப் பக்கம் 34, அந்தப் பக்கம் 33. பெண் கொடுத்த வீடு அந்தக் கரையில். கம்பி போட்ட வீடும் அந்தக் கரையில். ஆனால் அது வேற்று மாநில வேலை! வீடு எங்கே இருக்கிறதோ அங்கேதான் வேலை நடந்ததாகச் சட்டம் கொள்ளும். வேலை மட்டும் செய்கிறவர்க்கு ஆண்டு வரவு 20 லட்சம் வரை பதிவு தேவையில்லை, அக்கரை வேலையும் அதற்குள் அடக்கம்; இது ஆறுதல். சரக்கு விற்கிறவர் கதை வேறு. ஒரு சுருள் கம்பியை விற்று அக்கரையில் கொண்டுபோய் இறக்கினாலே பதிவு கட்டாயம். 2019 ஏப்ரலில் சரக்கு விற்பவர்க்கு வரம்பை 40 லட்சமாக உயர்த்தியபோது, உயர்வு இல்லை என்று ஒதுக்கிய பட்டியலிலே புதுச்சேரியையும் சேர்த்தார்கள். கடலூர்க் கடைக்காரனுக்கு 40, பாகூர்க் கடைக்காரனுக்கு 20! சலுகையில் ஒதுக்கினார்களே, சோதனையிலாவது ஒதுக்கினார்களா? விண்ணப்பம் போடுகிறவனின் கைரேகையைச் சரிபார்க்கும் திட்டத்தை குஜராத்துக்கு அடுத்தபடியாக 2023-இல் வெள்ளோட்டம் விட்ட இடம் நம் புதுச்சேரிதான்.

பதிவுக்குக் கட்டணம் இல்லை. ஒரு காசும் இல்லை. பட்டறை அப்பா பெயரில் இருக்கிறதே என்று மயங்க வேண்டாம். மத்திய மறைமுக வரி வாரியம் 2025 ஏப்ரல் 17-இல் தன் அதிகாரிகளுக்கு எழுத்திலே சொல்லியிருக்கிறது: சொத்து வரி ரசீது, மின் கட்டண ரசீது போன்றவற்றில் ஒன்று போதும், உறவினர் இடமென்றால் வெள்ளைத் தாளில் அவர் எழுதிய சம்மதக் கடிதமும் அவருடைய அடையாளச் சான்றும் சேர வேண்டும். வேறு ஊரிலே குடியிருந்து இங்கே ஏன் தொழில் செய்கிறாய் என்பது போன்ற யூகக் கேள்விகளைக் கேட்கக் கூடாது என்றும் இருக்கிறது. மத்திய அதிகாரிகளுக்குச் சொன்னதுதான். ஆனாலும் படியெடுத்துக் கையில் வைத்துக்கொண்டு போங்கள், மாநில வணிகவரி அலுவலகத்திலும் காட்டுங்கள். பயன்படும்.

தனி ஆளுக்கான பான் எண்ணை, கைப்பேசி எண் இணைந்த ஆதார் இருந்தால் இலவசமாகவே உடனடியாகப் பெறலாம். ஆனால் அதற்கான வலைத்தளத்திலே தமிழ் ஆங்காங்கே தலைகாட்டுகிறதே தவிர, பெயர் எழுதும் கட்டத்துக்கு வந்தால் ஆங்கில எழுத்துத்தான். அந்த ஒரு கட்டத்துக்குப் பயந்துதான் நம் தோழன் தரகரின் கடைக்குப் போகிறான்.

தரகரின் கடைக்கு எதிரே நம் படிப்பகம் இருக்கிறதே, அது எதற்கு? பத்திரிகை படிக்க மட்டுமா? ஞாயிறு மாலையிலே, படித்த இளைஞர் இருவரை அங்கே உட்கார வையுங்கள். வருகிற தோழர்களை ஆதார், பழைய பான் அட்டை, தொழில் உரிமம், மின் கட்டண ரசீது நான்கையும் கொண்டுவரச் சொல்லுங்கள். நான்கையும் மேசைமீது வரிசையாக வைத்து, பெயர் மாறுபடுகிற இடத்தைப் படியிலே சிவப்பு மையால் வட்டமிடுங்கள். எந்தத் தாளைத் திருத்த வேண்டும் என்று முடிவு செய்து, திருத்தத்தை முதலில் முடித்துவிட்டு, அதன் பிறகு எண்ணுக்கு எழுதுங்கள்.

வட்டமிட்ட படிகளை வீசிவிடாதீர்கள். ஊர்வாரியாகச் சேர்த்து, வில்லியனூருக்கு ஒரு கட்டு, பாகூருக்கு ஒரு கட்டு என்று கட்டுங்கள். புதுவைக்கு மக்களவையிலே ஒருவர், மாநிலங்களவையிலே ஒருவர் இருக்கிறார்கள். இருவரிடமும் கொண்டுபோய்க் கொடுத்து, நிதியமைச்சரிடம் ஒரே ஒரு கேள்வியைக் கேட்கச் சொல்லுங்கள்: ஆதாரைப் போலப் பெயருக்கு ஒரே கட்டம் வைக்க என்ன தடை? பதில் எழுத்திலே வரட்டும். வந்ததும் இதே பகுதியில் அச்சிடுவோம்.