திரைக்குப் பின்னால் ஒலித்த இசை

படமாளிகையில் விளக்கணைந்ததும் நம் கண்கள் நடிகர்களையே தேடுகின்றன. படம் முடிந்து வெளியேறும்போதோ, மெட்டொன்று மாத்திரம் நம்மைப் பின்தொடர்ந்து வீடுவரை வந்துவிடுகின்றது. அதனை ஆக்கியவர் யாரென்று கேட்போர் மிகச் சிலரே. கிரேக்கத் திரையுலகில் அவ்வாறு மறைந்து நின்று பணியாற்றிய ஒருவரை இவ்வாரம் அறிந்துகொள்வோம். எலெனி கரைந்துரு என்பது அவ்வம்மையாரின் பெயர்.

கிரேக்க நாட்டின் மலைக்கிராமம் ஒன்றிலே பிறந்தவர் அவர். காற்றும் மழையும் எழுப்பிய ஓசைகளும், தேவாலயத்திற் கேட்ட பைசாந்தியப் பண்களும், கிராமத்தவர் பாடல்களுமே அவருடைய முதல் ஆசான்கள். குடும்பம் ஏதென்ஸ் நகருக்குக் குடிபெயர்ந்த பின்னரே பியானோவைக் கண்டார். அங்கே அவர் வீட்டுச் சாளரத்திலிருந்து பார்த்தால் திறந்தவெளிப் படமாளிகையின் திரை தெரியும். இசையும் படமும் ஒருசேர அவர் வாழ்விற் புகுந்தன.

1967ஆம் ஆண்டில் இராணுவத்தினர் ஆட்சியைக் கைப்பற்றிய பின்னர், தம் இளமைந்தனுடன் பாரிஸ் சென்றார். அங்கு நாட்டார் இசை பற்றி ஆராய்ந்து கற்றார். இராணுவ ஆட்சி வீழ்ந்த 1974இலேதான் தாயகம் மீண்டார்.

1982ஆம் ஆண்டு தெசலோனிக்கித் திரைப்பட விழாவில், 'றோசா' என்னும் படத்துக்கு அமைத்த இசைக்காகப் பரிசு பெற்றார். நடுவர் குழுவின் தலைவராயிருந்தவர் புகழ்பெற்ற நெறியாளர் தியோ அஞ்செலோபூலோஸ். அவர் 1984இல் வெளியிட்ட 'கிதேராவுக்கு ஒரு பயணம்' இருவரையும் இணைத்தது. 32 ஆண்டுகள் சோவியத் நாட்டில் வாழ்ந்து ஊர் திரும்பும் முதியவர், சொந்த மண்ணிலேயே அந்நியராகிவிடுவதே அதன் கதை. பிறதேசத்தில் பல ஆண்டுகள் கழித்து மீண்ட கரைந்துருவுக்கு அவ்வேதனையை எவரேனும் விளக்கியுரைக்க வேண்டுமா?

அஞ்செலோபூலோஸின் படங்களிலே பேச்சுக் குறைவு. காட்சிகள் நீண்டு மெல்ல நகர்வன. பல வேளைகளிற் படப்பிடிப்புக்கு முன்னரே அவர் கதையை வாய்மொழியாகச் சொல்வார். கேட்ட மாத்திரத்தில் தம்முள் எழும் உணர்வைக் கரைந்துரு மெட்டாக்குவார். எனவே அவருடைய இசை காட்சிக்குப் பின்னர் பூசிய வர்ணமன்று. காட்சியோடு கூடப் பிறந்தது. 'மூடுபனியில் ஒரு நிலக்காட்சி' (1988) என்ற படத்தில், காணாத தந்தையைத் தேடிப் புறப்படும் அக்காளும் தம்பியும் வாய்விட்டுச் சொல்லாத துயரை ஓபோ என்னும் துளைக்கருவி சொல்கின்றது. அழுங்கள் என்று அது நம்மை ஏவுவதில்லை; நம்மருகே அமைதியாக வந்து அமர்கின்றது.

இவ்விருவர் கூட்டுறவில் எட்டுப் படங்கள் உருவாயின. அவற்றுள் 'நித்தியமும் ஒரு நாளும்' 1998இல் கான் விழாவின் அதியுயர் விருதாகிய தங்கப் பனையோலையை வென்றது. 2012 ஜனவரியில், புதிய படமொன்றின் படப்பிடிப்பின்போது மோட்டார்ச் சைக்கிள் மோதி அஞ்செலோபூலோஸ் உயிர்நீத்தார். அந்தப் படம் முற்றுப்பெறவில்லை. முற்றுப்பெற்ற எட்டுப் படங்களின் இசையோ, திரையின் துணையின்றியே இசைத்தட்டுகளிலும் அரங்குகளிலும் ஒலிக்கின்றது.

அடுத்த முறை படம் முடிந்ததும் எழுந்து ஓடாதீர்கள். பெயர்ப்பட்டியல் முடியும்வரை அமர்ந்திருங்கள். உங்கள் கண்களை நனைத்தவர் பெயர் அதில் எங்கேனும் சிறிய எழுத்திலே இருக்கும்.