நியமனமா, தேர்தலா?



பனமரத்துப்பட்டியிலிருந்து சேலம் கல்லூரிகளுக்குப் பேருந்து ஏறிப் போகும் நம் பிள்ளைகளிடம், "உங்கள் வகுப்புப் பிரதிநிதியை யார் தேர்ந்தெடுத்தது?" என்று கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் "மேடம் போட்டாங்க, ஃபாதர்" என்பதே பதில். பாராளுமன்ற உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கப் பதினெட்டு வயது போதும். வகுப்புப் பிரதிநிதியைத் தேர்ந்தெடுக்க மட்டும் போதாது போலும்!

கேரளத்தில் நடந்த ஒரு வழக்கு இங்கே கவனிக்கத்தக்கது. மாணவர் அனைவரும் நேரடியாக வாக்களித்தே பேரவைத் தலைவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று கேரளப் பல்கலைக்கழகம் தன் கல்லூரிகளை வற்புறுத்தியது. கல்லூரி முதல்வர்களின் மன்றம் உயர் நீதிமன்றம் சென்றது. அங்குள்ள தனியார் கல்லூரிகளில் கணிசமானவை திருச்சபைகள் நடத்துபவை. குறிப்பிட்ட ஒரு தேர்தல் முறையைப் பல்கலைக்கழகம் திணிக்க முடியாது என்று 2004-இல் தீர்ப்பாயிற்று. வகுப்புப் பிரதிநிதிகளை முதலில் தேர்ந்தெடுத்து, அவர்கள் வழியாகத் தலைவரைத் தேர்ந்தெடுக்கவும் கல்லூரிக்கு வழி பிறந்தது. இது சரியான தீர்ப்பு என்றே எண்ணுகிறேன். சில நூறு மாணவியர் படிக்கும் கல்லூரிக்கும் பல்லாயிரம் பேர் படிக்கும் கல்லூரிக்கும் ஒரே அளவில் சட்டை தைக்க முடியாது.

பல்கலைக்கழகம் மேல்முறையீடு செய்தது. உச்ச நீதிமன்றம் சொன்னபடி, முன்னாள் தலைமைத் தேர்தல் ஆணையர் லிங்டோ தலைமையில் குழு அமைந்தது. அதன் பரிந்துரைகளை நாடெங்கும் நடைமுறைப்படுத்த நீதிமன்றம் 2006 செப்டம்பர் 22-இல் ஆணையிட்டது.

அந்தப் பரிந்துரைகளில் நம் நிர்வாகங்கள் அதிகம் பேசாத பகுதி ஒன்று உண்டு. நியமன முறை குறைகள் நிறைந்தது, தற்காலிக ஏற்பாடாக மட்டுமே இருக்கலாம், ஐந்து ஆண்டுகளுக்குள் தேர்தலுக்கு மாற வேண்டும் என்கிறது குழு. மதிப்பெண்ணை மட்டும் பார்த்து நியமிப்பதையும் அது ஏற்கவில்லை. அந்த ஐந்து ஆண்டுகள் 2011-லேயே முடிந்துவிட்டன.

தேர்தல் வந்தால் கட்சிக் கொடி வரும், அடிதடி வரும் என்கிறார்கள். நம் சமவெளியில் சாதியும் சேர்ந்துகொள்ளும். இது வெற்று அச்சம் அல்ல. ஆனால் அதற்கும் குழு வேலி போட்டிருக்கிறது. வேட்பாளர் செலவு 5,000 ரூபாய்க்கு மேல் போகக் கூடாது. கட்சிப் பணம் கூடாது. அச்சடித்த சுவரொட்டி கூடாது. வேட்பாளருக்கு 75 விழுக்காடு வருகைப்பதிவு வேண்டும். எல்லாம் பத்து நாளில் முடிந்துவிட வேண்டும். சாதியைப் பொறுத்தவரை, நியமனத்தில் அது நுழைவதில்லையா என்ன? அங்கே கண்ணுக்குத் தெரியாமல் நுழைகிறது, அவ்வளவுதான்.

சென்னை லொயோலா, திருச்சி புனித வளனார் கல்லூரிகள் 1978-இல் தன்னாட்சி பெற்றன. தன்னாட்சி என்பதே பல்கலைக்கழகம் கல்லூரியை நம்புவதுதான். அந்த நம்பிக்கையைப் பெற்ற நிர்வாகம், மாணவர் கையில் ஒரு வாக்குச்சீட்டைத் தர ஏன் தயங்க வேண்டும்? 2025 மே 8-இல் நம் திருத்தந்தை பதினான்காம் லியோவைத் தேர்ந்தெடுத்ததும் 133 கர்தினால்களின் இரகசிய வாக்குச்சீட்டுகளே.

அடுத்த பெற்றோர் கூட்டத்துக்குப் போகும்போது, கட்டணத்தையும் விடுதிச் சாப்பாட்டையும் விசாரிப்பதோடு, பேரவைத் தேர்தல் எந்த மாதம் என்றும் கேளுங்கள்.